கேமராவின் ஞானத்தாய்

2003 ஆகஸ்ட் 17, ஞாயிற்றுக்கிழமை காலை, பெரு நாட்டின் ஆயகுச்சோ நகரில் ஒரு சிறிய கோவில் வாசலில் வைத்து வீடியோ கேமரா ஒன்றுக்கு ஞானஸ்நானம் கொடுக்கப்பட்டது.

கேமராவின் தகப்பன் தெயோதோசியோ சுல்கா, கல்யாண வீடியோ எடுப்பவர். ஞானத்தகப்பன் மாக்சிமோ பராத்தா, சுட்ட கோழிக் கடை வைத்திருப்பவர். ஞானத்தாய் செனைதா யுபாரி, பல் மருத்துவர். கேமராவை வெள்ளைச் சரிகைத் துணியில் சுற்றி மாக்சிமோ மடியில் வைத்திருந்தார். பங்குச் சாமியார் லூசியானோ, லென்ஸில் படாதபடி பின்பக்கமாகத் தண்ணீர் தெளித்தார். அதன் பிறகு எல்லோரும் மாக்சிமோவின் கடைக்குப் போய்ச் சாப்பிட்டார்கள்.

இதில் எங்கள் ஊருக்கு ஆச்சரியம் எதுவும் இல்லை. லாரி வாங்கினாலும், ரொட்டி அடுப்பு கட்டினாலும், கால்பந்துக் குழுவுக்குப் புதுச் சட்டை தைத்தாலும் ஞானப்பெற்றோர் வைப்போம். வைத்தால் செலவில் ஒரு பங்கு அவர்கள் தலையில் விழும் என்பதும் ஒரு காரணம். அன்றிலிருந்து பெற்றவரும் ஞானப்பெற்றோரும் ஒருவருக்கொருவர் கொம்பாத்ரே, பெண்ணானால் கொமாத்ரே. கூடப் பிறந்தவர்களைவிட நெருக்கமான உறவு. சண்டை போடக் கூடாது. கேட்ட உதவியை மறுக்கக் கூடாது. முக்கியமாக, ஒருவரை ஒருவர் வேறு கண்ணோடு பார்க்கக் கூடாது. குழந்தைக்கு ஞானஸ்நானம் என்றால் இதெல்லாம் கண்டிப்பு. லாரிக்கும் அடுப்புக்கும் எவ்வளவு தூரம் கண்டிப்பு என்று அந்த நாள்வரை யாரும் யோசித்ததில்லை. யோசிக்க வைத்தவர் சுல்கா.

சுல்கா பேய்ப்படம் எடுத்தார். எங்கள் மலையில் பேய்ப்படம் என்றால் கர்கச்சா படம்தான். அண்ணன் தங்கை, தகப்பன் மகள், கொம்பாத்ரே கொமாத்ரே என்று முறைகெட்ட உறவு வைத்துக்கொண்டவர்கள் இரவில் மனித முகமும் நீண்ட கழுத்தும் கொண்ட லாமா ஆடாக மாறி, கர் கர் கர் என்று கத்திக்கொண்டு அலைவார்கள். விடிந்தால் பழையபடி மனிதர்களாகி, ஒன்றுமே நடக்காதது போலச் சந்தைக்கு வருவார்கள். இந்த இரண்டாவது பகுதிதான் ஜனங்களை அதிகம் பயமுறுத்தியது.

லீமாவிலிருந்து வந்த ஒரு தொண்டு நிறுவனத்துக்காரர் சுல்காவிடம், உங்கள் மாநிலம் இருபது வருஷம் ரத்தத்தில் கிடந்தது, அதைப் படமாக எடுங்கள், நிதி தருகிறோம் என்றார். சுல்கா ஒரு வாரம் யோசித்துவிட்டு முடியாது என்றார். அந்தப் படத்தில் நடிக்க எங்கள் ஊரில் ஆள் கிடைக்காது, எல்லோரும் ஏற்கெனவே நடித்துவிட்டார்கள் என்றாராம். அவர் சொன்னதில் தவறில்லை. வீட்டுக் கதவைத் தட்டுவது ராணுவமா கெரில்லாவா என்று தெரியாமல் மூச்சைப் பிடித்துக்கொண்டு வளர்ந்தவர்களுக்கு, கதவுக்கு வெளியே நிற்பது லாமா ஆடுதான் என்று உறுதியாகத் தெரிவது பெரிய ஆறுதல். அதற்குச் சீட்டு வாங்கி வந்து உட்கார்ந்தார்கள்.

ஆனால் முதல் படத்துக்கு வந்தவர்கள் சிரித்துவிட்டார்கள். கர்கச்சாவின் பல்லை ஆரஞ்சுத் தோலில் வெட்டி வைத்திருந்தார் சுல்கா. மிருகம் கத்தும்போது ஒரு பல் கழன்று கதாநாயகியின் காபிக் கோப்பையில் விழுந்தது. மறுபடி எடுக்க டேப் இல்லை. அப்படியே விட்டுவிட்டார்.

அதன் பிறகுதான் அவர் செனைதாவின் மருத்துவமனைப் படி ஏறினார். செனைதாவுக்கு அப்போது முப்பத்தேழு வயது. கல்யாணம் ஆகாதவர். கையில் வேலை இருக்கும்போது எதிரில் இருப்பவரை நிமிர்ந்து பார்க்கும் வழக்கம் இல்லாதவர்.

"பல்லு யாருக்கு?" என்று கேட்டார்.

"லாமாவுக்கு."

"லாமாவுக்கு மேல்வரிசையில முன்பல்லே கிடையாதே."

"இது பாவம் பண்ணின லாமா, டாக்டரம்மா. இதுக்கு ரெண்டு வரிசையும் உண்டு."

செனைதா நிமிர்ந்து பார்த்தார். செயற்கைப் பல் செய்யும் அதே பொருளில், ஈறு நிறத்தோடு, கடைவாய்ப் பல்லில் ஒரு சொத்தையும் வைத்து, நல்ல பல்வரிசை ஒன்றைச் செய்து கொடுத்தார். சொத்தை எதற்கு என்று சுல்கா கேட்டதற்கு, இவ்வளவு பாவம் பண்ணினவன் பல் விளக்கியிருக்க மாட்டான் என்றார். அடுத்த மாதம் சுல்கா சொந்தக் கேமரா வாங்கியபோது ஞானத்தாயாக இருக்கச் சொல்லிக் கேட்டதும், செனைதா ஒத்துக்கொண்டதும் இப்படித்தான்.

இரண்டாவது படத்தின் பெயர் 'கொமாத்ரேயின் கழுத்து'. எழுதிய கதைப்படி ஒரு லாரி ஓட்டுநரும் அவர் குழந்தையின் ஞானத்தாயும் தவறு செய்து கர்கச்சாவாக மாற வேண்டும். முதல் காட்சி குழந்தையின் ஞானஸ்நானம். ஆனால் பேய்ப்படத்துக்குக் குழந்தையைக் கொடுக்க எங்கள் ஊரில் எந்தத் தாயும் தயாராக இல்லை. ஒருத்தி சம்மதித்து அழைத்து வந்தாள். லாமாத் தோலைப் பார்த்ததும் குழந்தையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள். வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது. மாக்சிமோவின் கோழி வண்டி, ஒரு சின்ன லாரி, தெருவோரம் நின்றது. சுல்கா அதற்கு வெள்ளை நாடா கட்டச் சொன்னார். குழந்தையின் இடத்தில் லாரி வந்தது.

படத்தில் சாமியார் வேடம் மாக்சிமோவுக்கு. கேமராவின் ஞானத்தகப்பனுக்கு வசனம் போதவில்லை என்ற வருத்தம். படத்தில் யார் துரத்தினாலும் ஓடுகிறவர்கள் அவர் கடையில் நின்று கால் கோழி சாப்பிட்டுவிட்டுத்தான் ஓடுவார்கள், அது முன்பே பேசி வைத்தது. அதற்கு மேல் நாலு வார்த்தை கேட்டார். சுல்கா சிகரெட் அட்டையின் பின்னால் அங்கேயே எழுதிக் கொடுத்தார். கதாநாயகி பாவசங்கீர்த்தனத்தில், சாமி, நான் அவன் குழந்தைக்கு ஞானத்தாய் இல்லையே, லாரிக்குத்தானே என்று அழ, மாக்சிமோ கையை உயர்த்திச் சொல்வார்: "குழந்தைக்குத் தெளிச்சா என்ன, லாரிக்குத் தெளிச்சா என்ன? தண்ணி ஒரே தண்ணிதான் மகளே."

அந்த வசனம் சுல்காவின் வாழ்க்கையை மாற்றியது.

படம் ஊர் ஊராக ஓடியது. நகராட்சிக் கூடம், பள்ளி மண்டபம், கால்பந்து மைதானம். லாரிகளின் பின்னால் 'தண்ணி ஒரே தண்ணிதான்' என்று எழுதினார்கள். தலைமை ஆசிரியர்கள் மொத்த வகுப்புகளையும் வரிசையாக அழைத்து வந்தார்கள், நல்லொழுக்கம் கற்பிக்கிறது என்பதற்காக. கொலை, ரத்தம், படுக்கையறைக் காட்சி எல்லாம் இருந்தன. இருந்தும் தவறு செய்தவர்கள் கடைசியில் லாமாவாகிவிட்டதால் அது நல்லொழுக்கம்தான்.

லீமாவிலும் கவனித்தார்கள். நாங்கள் இருக்கும் உயரத்தில் இரவில் படம் பிடித்தால் நடிகர்களுக்கு உதடு விறைத்து வசனம் வராது. அதனால் சுல்கா இரவுக் காட்சிகளை நடுப்பகலில், லென்ஸில் நீலக் காகிதம் ஒட்டி எடுப்பார். அவர் படங்களில் நள்ளிரவில் எல்லோருக்கும் காலடியில் குட்டையாக நிழல் விழும். ஒரு விமர்சகர் இதை ஆண்டிஸ் மக்களின் சுழற்காலக் கோட்பாடு என்று இரண்டு பத்தி எழுதினார். சுல்கா அதைச் சட்டம் போட்டு மாட்டினார். படித்தாரா என்பது தெரியவில்லை.

அதற்கும் மேலே போனவர் மானுடவியலாளர் இரிகோயென். லீமாவில் பேராசிரியர். எங்கள் மாநிலத்துக் கிராமங்களில் ஆய்வு செய்து, பொருள்களுக்கு நடத்தும் ஞானஸ்நானமும் முழு உறவுத் தடையை உண்டாக்கும் என்ற தொன்மையான நம்பிக்கையைத் தாம் கண்டுபிடித்ததாகக் கட்டுரை எழுதினார். தகவல் கொடுத்தவர்கள் மூன்று கிராமத்துப் பெரியவர்கள். மூவரும் 'கொமாத்ரேயின் கழுத்து' படத்தைப் பார்த்திருந்தார்கள். அவர் அதைக் கேட்கவில்லை. அவர்களும் சொல்லவில்லை, ஏனென்றால் கேள்வி முன்னோர்களைப் பற்றியது.

இதற்குள் சுல்காவும் செனைதாவும் சேர்ந்து பல ஊர் போய்விட்டார்கள். வண்டி செனைதாவுடையது. கர்கச்சாவின் பல்வரிசையை ஒவ்வொரு ஊரிலும் மேடையில் காட்டுவது வழக்கமாகியிருந்தது. யாராவது தொட்டு உடைத்துவிடுவார்கள், ஒட்டுவதற்கு அவர் வேண்டும். பிறகு திரையிடும் கருவியையும் அவரே இயக்கக் கற்றுக்கொண்டார். சுல்கா மேடையில் பயமுறுத்திப் பேசுவார், செனைதா பின்னால் கருவிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பிஸ்கட் சாப்பிடுவார். எப்போது கொம்பாத்ரே என்று கூப்பிடுவதை நிறுத்தித் தெயோ என்று கூப்பிட ஆரம்பித்தார் என்பதை இருவருமே கவனிக்கவில்லை. கவனித்தவர் மாக்சிமோ. அவர் கோழியை வெட்டுவதை நிறுத்திவிட்டுச் சற்று நேரம் பார்த்தார், பிறகு வெட்டினார்.

2007 ஜூன் மாதம் சுல்காவுக்குக் கடைவாய்ப் பல்லில் வேர் சிகிச்சை நடந்தது. அவர் வாயில் பஞ்சு, உறிஞ்சு குழாய், செனைதாவின் இரண்டு விரல்கள். அப்போதுதான் செனைதா கேட்டார்.

"தெயோ, நாம கல்யாணம் பண்ணிக்கலாமா? தலைய ஆட்டாதே, உள்ள ஊசி இருக்கு. சரின்னா ஒரு விரல், வேண்டாம்னா ரெண்டு."

சுல்கா ஒரு விரலைக் காட்டினார். அதை வேகமாகக் காட்டினார் என்று செனைதா பிற்பாடு தன் உதவியாளரிடம் சொன்னார்.

வாயில் உணர்ச்சி திரும்பியதும் சுல்காவுக்குப் பயம் வந்தது. கல்யாணம் முடிந்த மறுநாள் எந்தத் தலைமை ஆசிரியர் அவர் படத்துக்கு வகுப்பை அனுப்புவார்? கொமாத்ரேயைக் கட்டிக்கொண்டவன் கர்கச்சாவைப் பற்றிப் படம் எடுத்தால் ஜனங்கள் அதை வேறு கணக்கில் எடுத்துக்கொள்வார்கள். நான்காவது படம் எடுத்து முடித்துவிட்டார். முதல் காட்சி ஆகஸ்டில் உவாந்தா ஊரில். செனைதாவிடம் கொஞ்ச நாள் பொறு என்றார். முதலில் இந்த விஷயத்தைச் சட்டப்படி சரி செய்ய வேண்டும் என்றார்.

"எந்தச் சட்டப்படி?" என்று செனைதா கேட்டார். "நீ எழுதின சட்டந்தானே?"

சுல்கா பங்குச் சாமியாரிடம் போனார். லூசியானோ சாமியார் சிரித்துவிட்டார். தான் செய்தது ஞானஸ்நானமே இல்லை, வெறும் ஆசீர்வாதம் என்றார். கேமராவுக்கு ஆத்துமா கிடையாது. தவிர, திருச்சபைச் சட்டத்தில் ஞானப்பெற்றோருக்கும் பெற்றோருக்கும் கல்யாணத் தடை எதுவும் இப்போது இல்லை, குழந்தை விஷயத்திலேயே இல்லை. சுல்காவுக்கு முகம் மலர்ந்தது. இதை ஞாயிறு பூசையில் அறிவிக்க முடியுமா என்று கேட்டார்.

சாமியார் சிரிப்பை நிறுத்தினார். ஏற்கெனவே இரண்டு முறை அறிவித்தாயிற்று என்றார். சுல்காவின் படம் வந்த பிறகு அவர் பங்கில் லாரிக்காரர்களின் கல்யாணம் இரண்டு நின்றுபோனது. நிறுத்த வேண்டாம் என்று பிரசங்கம் செய்தார். ஜனங்கள் மரியாதையாகக் கேட்டுவிட்டு, சாமி கடற்கரைப் பக்கத்துக்காரர், அவருக்கு இதெல்லாம் தெரியாது என்று சொல்லிக்கொண்டு போனார்கள்.

"உங்க படத்துல வர்ற சாமிக்கு இருக்கற மதிப்பு எனக்கு இல்ல தம்பி," என்றார் லூசியானோ. "நீங்க அவரையே போய்ப் பாருங்க."

சுல்கா அவரையே போய்ப் பார்த்தார். மாக்சிமோவின் கோழிக் கடையில் இப்போது ஓரமாக ஒரு மேசை தனியாக இருந்தது. உறவுமுறைச் சிக்கல் உள்ளவர்கள் அங்கே உட்கார்ந்து கோழி வாங்கிக்கொண்டு ஆலோசனை கேட்பார்கள். சிலர் அவர் கையை முத்தமிட்டார்கள். மாக்சிமோ முதலில் மறுத்துப் பார்த்ததாகவும், பிறகு வியாபாரத்தைக் கருதி விட்டுவிட்டதாகவும் சொல்வார்.

சுல்கா விஷயத்தைச் சொன்னார். அந்த வசனம் உங்களுக்காகச் சிகரெட் அட்டையில் எழுதியது, பக்கத்தில்தானே நின்றீர்கள், நாலு பேருக்குச் சொல்லுங்கள் என்றார்.

"எழுதினது நீங்கதான் கொம்பாத்ரே," என்றார் மாக்சிமோ. "ஆனா அது எங்கிருந்து உங்க கைக்கு வந்துச்சு? யோசிச்சுப் பாருங்க."

"லாரி அங்க நின்னுச்சு. அதனால வந்துச்சு."

"லாரி ஏன் அங்க நின்னுச்சு?"

"கிழங்கு இறக்க நின்னுச்சு!"

மாக்சிமோ அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். படத்தில் பாவசங்கீர்த்தனக் காட்சியில் பார்த்த அதே பார்வை. அதைச் சொல்லிக் கொடுத்ததும் சுல்காதான். பக்கத்து மேசையில் இருந்தவர்கள் சாப்பிடுவதை நிறுத்தியிருந்தார்கள். சுல்கா எழுந்து வந்துவிட்டார்.

கடைசியாக லீமாவுக்குத் தொலைபேசி. பேராசிரியர் இரிகோயென் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். பாரம்பரியத்தைச் சுமப்பவர்கள் பல சமயம் தாமே அதைப் படைத்ததாக நினைத்துக்கொள்வார்கள், இதைப் பற்றி நிறைய எழுதப்பட்டிருக்கிறது என்றார். குழந்தை கிடைக்கவில்லை சார், அதனால்தான் லாரி என்று சுல்கா இரண்டு தடவை சொன்னார். குழந்தைக்கு மாற்றாக லாரி என்பதுதான் மிக முக்கியமான தரவு என்று சொல்லிவிட்டு, இதை அடுத்த பதிப்பில் அடிக்குறிப்பாகச் சேர்த்துக்கொள்ளலாமா என்று அவர் அனுமதி கேட்டார்.

செனைதா இவை எல்லாவற்றையும் கேட்டுவிட்டு ஒரே ஒரு வழிதான் இருக்கிறது என்றார். உவாந்தாவில் படம் போடுவதற்கு முன் மேடையில் நின்று சொல்லிவிட வேண்டும். எல்லோரும் இருப்பார்கள். பொய்யைச் சொன்ன இடத்திலேயே உண்மையையும் சொல்லட்டும். அதன் பிறகு படம் ஓடினாலும் சரி, ஓடாவிட்டாலும் சரி, தன் மருத்துவமனையில் இரண்டு பேர் சாப்பிட வருமானம் இருக்கிறது. ஊரில் பல் வலி குறையப் போவதில்லை.

"நான் மறுபடியும் கல்யாண வீடியோ எடுக்கணுமா?" என்று சுல்கா கேட்டார்.

"மொதல்ல நம்ம கல்யாணத்துக்கு எடு," என்றார் செனைதா. "அப்புறம் பாக்கலாம்."

சுல்கா ஒத்துக்கொண்டார். மனதார ஒத்துக்கொண்டார் என்றுதான் அவரைத் தெரிந்தவர்கள் நினைக்கிறார்கள். என்ன பேச வேண்டும் என்பதை வண்டியில் போகும்போதே சொல்லிப் பார்த்துக்கொண்டார். செனைதா ஓட்டிக்கொண்டே திருத்தினார். மன்னியுங்கள் என்று ஆரம்பிக்காதே, குழந்தை கிடைக்கவில்லை என்று ஆரம்பி, சிரிப்பார்கள், சிரித்த பிறகு கேட்பார்கள் என்றார்.

உவாந்தா கூடம் மாலைக் காட்சிக்கு நிறைந்திருந்தது. இரண்டு பள்ளிகளிலிருந்து மாணவர்கள், சந்தை முடித்து வந்த பெண்கள், பின்வரிசையில் லாரி ஓட்டுநர்கள். செனைதா பின்சுவர் ஓரம் கருவிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். கையில் பிஸ்கட் இல்லை.

சுல்கா மைக்கைப் பிடித்துக் குழந்தை கிடைக்காத கதையைச் சொன்னார். தாய் ஓடியதைச் சொன்னார். செனைதா சொன்னது போலவே சிரித்தார்கள். கோழி லாரியைச் சொன்னார், சிகரெட் அட்டையைச் சொன்னார், இன்னும் பலமாகச் சிரித்தார்கள். பிறகு, ஆகவே லாரிக்கு ஞானஸ்நானம் செய்தால் உறவுத் தடை என்பது முன்னோர் சொன்னதல்ல, அது என் கற்பனை, தண்ணீர் எல்லாம் ஒன்றல்ல என்றார். கூடம் அமைதியானது. அவர் எடுத்த எந்தப் படத்துக்கும் அப்படியொரு அமைதி கிடைத்ததில்லை.

முதலில் எழுந்தவர் தலைமை ஆசிரியர் அப்தோன் லாஸ்கானோ. கோபப்படவில்லை. எட்டாம் வகுப்பு நல்லொழுக்கத் தேர்வில் மூன்று வருஷமாக இந்தக் கேள்வி வருகிறது என்றார். கர்கச்சா ஆகிறவர் யார்: அ) குழந்தையின் ஞானப்பெற்றோர், ஆ) லாரியின் ஞானப்பெற்றோர், இ) இருவரும். சரியான விடை இ. அ எழுதின பிள்ளைகளுக்கு நான் மதிப்பெண் குறைத்திருக்கிறேன், இயக்குநர் கொஞ்சம் யோசித்துப் பேச வேண்டும் என்றார். மாணவர்களில் சிலர் தங்களுக்குள் முணுமுணுத்தார்கள். அ எழுதினவர்களாக இருக்கலாம்.

சுல்கா, மதிப்பெண்ணைத் திருப்பிக் கொடுத்துவிடலாமே ஐயா என்றார். மறுபடி சிரிப்பு வந்தது. காரியம் கிட்டத்தட்ட முடிந்துவிட்டது போலிருந்தது. செனைதா எழுந்து, கருவியை இயக்கத் தயாராக நின்றார்.

அப்போது பின்வரிசையிலிருந்து ஒரு ஓட்டுநர் நடு வழிக்கு வந்தார். தொப்பியைக் கையில் வைத்திருந்தார். பெயர் கிளெமென்தே. உவாந்தாவுக்கும் காட்டுப் பகுதிக்கும் பழம் ஏற்றுகிறவர். முப்பது வயது இருக்கும்.

"எனக்கு ஒரே ஒரு விஷயம் தெரியணும் ஐயா," என்றார். "ஹெர்லிந்தா என் வண்டிக்கு ஞானத்தாய். கட்டிக்கறதா இருந்தோம். உங்க படம் பார்த்தோம். அவ அழுதா. நான் வேண்டாம்னுட்டேன். இப்ப அவ லீமாவுல இருக்கா, வேற ஆளோட, ரெண்டு பிள்ளைங்க." தொப்பியை ஒரு சுற்றுச் சுற்றினார். "நீங்க சொல்றது நிஜமா, இல்ல வெளையாட்டுக்குச் சொல்றீங்களா? நிஜம்னா சொல்லிருங்க. நான் எதுக்கு விட்டேன்னு எனக்குத் தெரியணும்."

யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. ஏற்கெனவே அந்தக் கதை அங்கே எல்லோருக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

சுல்கா ஓட்டுநரைப் பார்த்தார். பிறகு அவர் தலைக்கு மேலாகப் பின்சுவரைப் பார்த்தார். செனைதா அங்கே விளக்கு வெளிச்சத்தில் நின்றார், கை கருவியின் மேல் இருந்தது. ஒலிபெருக்கியில் சுல்கா மூச்சு விடும் சத்தம் மட்டும் கூடம் முழுக்கக் கேட்டது.

"இல்லப்பா," என்றார் சுல்கா. "நீ செஞ்சது சரிதான்."

கிளெமென்தே நகரவில்லை.

"படத்துக்கு முன்னாடி கொஞ்சம் பயமுறுத்தலாம்னு பேசினேன்," என்றார் சுல்கா. "இது நம்ம பெரியவங்க சொன்னது. நான் யாரு மாத்தறதுக்கு?"

தலைமை ஆசிரியர் முதலில் கை தட்டினார், பிறகு மாணவர்கள், பிறகு எல்லோரும். ஓட்டுநர் நன்றி ஐயா என்று சொல்லித் தொப்பியைப் போட்டுக்கொண்டு தன் இடத்துக்குப் போய் உட்கார்ந்தார். அவர் முகத்தில் நிம்மதி இருந்தது. அதைப் பொய் என்று சொல்ல முடியாது.

செனைதா படத்தை ஓட்டினார். டேப் மாற்றும் இடத்தில் தாமதம் இல்லை, ஒலி சரியாக இருந்தது. கூடம் நன்றாகப் பயந்தது. படம் முடிந்து ஜனங்கள் வெளியேறிய பிறகு கம்பிகளைச் சுருட்டினார், கருவியைப் பெட்டியில் வைத்தார், பல்வரிசையைத் துணியில் சுற்றினார். சுல்கா பெட்டியைத் தூக்கி வண்டியில் ஏற்றினார். அவன் முகத்தைப் பார்த்தாயா, அவனிடம் எப்படிச் சொல்வது என்று கேட்டார். இன்னும் ஏதேதோ சொன்னார். அந்த ஆளுக்கு மிச்சமிருப்பது அந்த நம்பிக்கை ஒன்றுதான் என்றார், அடுத்த ஊரில் சொல்லிவிடலாம் என்றார். அடுத்த ஊரில் அப்படி ஒருவன் இருக்க மாட்டானா என்று செனைதா கேட்கவில்லை.

வண்டியைக் கிளப்பும் முன் அவர் ஒன்றுதான் சொன்னார்.

"நல்லாப் பேசினீங்க, கொம்பாத்ரே."

வண்டி ஆயகுச்சோ வந்து சேர்ந்தது. சுல்காவை அவர் வீட்டு வாசலில் இறக்கிவிட்டு, பெட்டிகளையும் இறக்கி வைத்துவிட்டு, செனைதா போனார்.

நான்காவது படம் அந்த வருஷமும் அடுத்த வருஷமும் மலை முழுக்க ஓடியது. உவாந்தாவில் சுல்கா பேசியது ஜனங்களுக்குப் பிடித்திருந்ததாகக் கேள்விப்பட்டு, மற்ற ஊர்களிலும் அதே பேச்சு வேண்டும் என்று முன்கூட்டியே கேட்டார்கள். ஒவ்வொரு ஊரிலும் அவர் மேடையில் முதலில் அந்தத் தடை தன் கற்பனை என்று மறுத்துப் பேசி, பிறகு பெரியவர்கள் சொன்னதுதான் என்று ஒப்புக்கொண்டார். மறுப்பை நன்றாகச் செய்தார். 2011-இல் மாநில அரசு அவருக்குப் பாரம்பரியக் காவலர் என்ற பட்டயம் கொடுத்தது. பரிந்துரைக் குழுவில் பேராசிரியர் இரிகோயெனும் இருந்தார்.

செனைதா யுபாரி 2007 நவம்பரில் தன் மருத்துவமனையைக் கடற்கரைப் பக்கம் இக்கா நகருக்கு மாற்றிக்கொண்டார். இரண்டு வருஷம் கழித்து அங்கே ஒரு நில அளவையாளரை மணந்தார்.